எரிஞ்ச மரம் மட்டும்

வாங்க அம்முணி, உள்ள வாங்க. அந்தப் பெஞ்சு வேண்டாம், ஒரு கால் ஆடும். இந்தப் பக்கமா உக்காருங்க. உங்க டிரைவர் எங்க போறான், செல்போனுக்கு டவர் தேடியா? கடைசி வளைவு வரைக்கும் நடந்தாத்தான் கிடைக்கும். போகட்டும். நீங்க டீ குடிங்க. பால் பவுடர்தானுங்க. மாடு வெச்சிருந்தவங்க எல்லாம் கீழ எறங்கிப் போயிட்டாங்க.

யாருன்னு நீங்க சொல்லவே வேண்டாம். ஜீப்பு திரும்பறப்பவே பின் சீட்டுல கறுப்புக் கோட்டு தொங்கறதைப் பாத்துட்டேன். ஜடையன் கேசுதானுங்களே? அப்பீல் போட்டிருக்காங்கன்னு கேள்விப்பட்டேன். போடட்டுங்க, யார் வேண்டாம்னா. ஆனா அவன் பொண்டாட்டி ரங்கி சொல்றதை மட்டும் கேட்டுட்டுப் போயிராதீங்க. அவ புருசன் ஜெயில்ல இருந்தாலும் உசுரோட இருக்கான். எனக்குப் புள்ளையே இல்ல. பெத்தவ நான் சொல்றதையும் கேளுங்க. என்ற பையனைக் கொன்னது மட்டுமில்லீங்க, இந்த ஊரையே கெடுத்தவன் அவன்.

ஊருன்னா இப்ப நீங்க பாக்கற ஊரு இல்லீங்க.

நான் வாக்கப்பட்டு வந்தப்ப இங்க தகரக் கொட்டாய்தான் இருந்துச்சு. மரம் வெட்ட ஏலம் விடற காட்டைக் கூப்புன்னு சொல்லுவாங்க. கூப்புல வேலை பாக்கறவங்க இந்த மேட்டுல தங்கினாங்க, அதனால கூப்புமேடு. அப்பறம் பஸ்சு போர்டுலயே அந்தப் பேரை எழுதிட்டாங்க. மலை பூரா சர்க்கார் நட்ட தைலமரம். கீழ ஒரு பெரிய மில்லு, மரத்தைக் கூழாக்கி அதுல இருந்து நூல் எடுத்தாங்க. மரத்துல இருந்து நூலாம்! எனக்கு இன்னும் நம்பிக்கை வரல. ஆனா லாரி வந்துச்சுங்க. வெடியால கதவைத் தொறந்தா இந்த வாசல்ல இருந்து அந்த வளைவு வரைக்கும் லாரி நிக்கும். ஒவ்வொரு லாரிக்கும் டிரைவர், கிளீனர், லோடு ஏத்தறவங்க. அத்தனை பேருக்கும் பசி. நான் கூடையில இட்லி வித்தேன், அப்பறம் இந்தக் கடையைப் போட்டேன்.

கடை சும்மா ஓடலீங்க, பறந்துச்சு. எதிர்த்தாப்பல பாருங்க, அந்த இடிஞ்ச செவுரு. அது பேங்கு. அதுக்குப் பக்கத்துல கோபியில இருந்து வந்த ஆசாரி நகைக்கடை வெச்சிருந்தார். இந்த மலையில, கரடி நடமாடற எடத்துல, நகைக்கடை! மாரியாத்தா நோம்பிக்கு ரெக்கார்டு டான்சு வரும். அறுவை மில்லுச் சங்கு ஊதினா பள்ளத்தூர் வரைக்கும் கேக்கும். கீழ இருக்கறவங்க கூப்புமேட்டு மாப்பிள்ளைன்னா யோசிக்காமப் பொண்ணு குடுத்தாங்க.

எங்கூட்டுக்காரர் மரம் வெட்டறவர். பேரு நான் சொல்ல மாட்டேன், உங்க கேசுக் கட்டுல இருக்கும். செங்கோ… ஆமாங்க, அதான். அவர் வெட்டற மரம் அவர் சொன்ன பக்கம்தான் விழும். வேற ஆளு வெட்டினா நாங்க ஓடுவோம். அவர் வெட்டறப்ப பொம்பளைங்க பக்கத்துலயே உக்காந்து சுள்ளி பொறுக்குவோம். எங்களுக்கு ஒரே பையன், நந்தகோபால். கோபாலுன்னு கூப்பிடுவோம். அவன் நடக்கப் பழகினதே மரத்தூள் மேலதான். விழுந்தாலும் அடிபடாது.

அப்படி இருந்த ஊருக்கு ஒரு நாள் உத்தரவு வந்துச்சு. பச்சை மரத்துல இனிமே கோடாலி படக் கூடாது. காட்டைக் காப்பாத்தணுமாம். நட்டதும் அவங்க, வெட்டச் சொன்னதும் அவங்க. அப்பறம் காட்டைக் காப்பாத்தறதும் அவங்களே. நாங்க எதுல சேர்த்திங்க அம்முணி? எங்களை ஒரு வார்த்தை கேட்டாங்களா?

லாரி நின்னு போச்சு. அறுவை மில்லு ஆளு பாவம், பழக்க தோசத்துல கொஞ்ச நாள் வெறுமனே சங்கு ஊதிட்டிருந்தான். அதைக் கேட்டு யாரும் எங்கயும் போகல. அப்பறம் அவனும் நிறுத்திட்டான். நகைக்கடை ஆசாரி மொதல்ல எறங்கினார். எங்கூட்டுக்காரர் மட்டும் தெனமும் வெடியால எந்திரிச்சுக் கோடாலியைத் தீட்டுவார். தீட்டித் தீட்டி இரும்பு தேஞ்சு போச்சு. நான் ஒண்ணும் கேக்காமப் பொட்டாட்ட இருப்பேன். ஆம்பளை கை சும்மா இருக்கக் கூடாதுங்க, என்னமோ பண்ணட்டும்னு விட்டுட்டேன்.

அந்தப் பங்குனியிலதான் மொதத் தீ.

அது யாரும் வெச்சது இல்லீங்க, சத்தியமா. தேன் எடுக்கப் போனவன் எவனோ பந்தத்தைச் சரியா அணைக்கல. ஊரே ஓடுச்சு. பச்சைத் தழையை ஒடிச்சுட்டு ஆம்பளை பொம்பளை எல்லாரும் அடிச்சோம். எங்கூட்டுக்காரருக்குப் புருவம் பூராப் பொசுங்கிப் போச்சு. பூச்சி மாதிரி ஆயிட்டார், பாத்து நானே சிரிச்சுட்டேன். தைலமரம் பிடிச்சா வெடிக்குங்க அம்முணி. உள்ள எண்ணெய் இருக்குதில்லீங்க. பட்டாசு மாதிரி இல்ல, வேட்டு மாதிரி.

மழை பேஞ்சு அணைஞ்சதுக்கப்பறம் ஆபீசுல இருந்து ஆளு வந்தாங்க. பச்சை மரத்தைத்தான் தொடக் கூடாது, எரிஞ்ச மரம் நின்னு வீணாப் போகுது, அதை மட்டும் வெட்டிக்கலாம்னு உத்தரவு. கான்ட்ராக்டர் வந்தார். லாரி வந்துச்சு. வெட்டினவங்க மூஞ்சி எல்லாம் கரி, கண்ணும் பல்லும்தான் தெரியும். ஆனா சிரிச்ச மூஞ்சி. ஒரு வெட்டுப் பருவம் பூரா வேலை. என்ற கடையில இட்லி பத்தல.

அடுத்த வருசம் மாசி பொறந்துச்சு. யாரும் ஒண்ணும் பேசிக்கல. ஆனா எல்லாரும் மலையைப் பாத்தாங்க. டீயைக் கையில வெச்சுட்டு வெளிய போய் நின்னு பாப்பாங்க. கீழ வெவசாயம் பண்றவங்க மேகத்தைப் பாப்பாங்கல்லீங்க, அப்படி. மளிகைக்கடைக் குப்பண்ணன் கடன் குடுக்க மாட்டேன்னு இருந்தவர், “சரி, எடுத்துட்டுப் போ, பங்குனி வருதில்ல”ன்னு சொல்ல ஆரம்பிச்சார். காத்து எந்தப் பக்கம் அடிக்குது, புல்லு எப்படிக் காஞ்சிருக்குது, இதுதான் பேச்சு.

தீயும் வந்துச்சு. யாருங்க தடுக்க முடியும்? வெயிலு அப்படி. நாங்களும் அணைக்கப் போனோம். கொஞ்சம் மெதுவாத்தான் போனோம், இல்லேன்னு சொல்லல. போன வருசம் ஓடி ஓடி என்ன கெடச்சுது, புருவம்தானே போச்சு. அன்னிக்கு வெடியாலயே எனக்கு என்னமோ மனசுல தோணுச்சு பாருங்க, அரிசியும் உளுந்தும் கூடுதலாவே ஊறப்போட்டேன். மத்தியானம் பொகை தெரிஞ்சுது. மாரியாத்தா சொல்லியிருப்பா.

அப்படியே ரெண்டு மூணு வருசம் ஓடுச்சு. ஊருல ஒரு தெம்பு வந்துச்சு. போனவங்க திரும்பி வந்தாங்க. அப்பத்தான் புது ரேஞ்சர் வந்துச்சு. பொம்பளைங்க. ஜெசிந்தா. நாகர்கோயில் பக்கம். இங்கதான் காலைச் சாப்பாடு. நல்ல பொண்ணு, தட்டைத் தானே கழுவி வெக்கும். ஆனா கேள்வி ஜாஸ்தி. ஒரு நாள் சாப்பிட்டுட்டே கேட்டுச்சு.

“நாச்சாயம்மா, ஆனை லத்தி காஞ்சிருக்குமில்ல, அதுக்குள்ள ஒரு கங்கு வச்சா என்ன ஆவும் தெரியுமா?”

“பொகையும்”னேன்.

“பொகையும். மணிக்கணக்காப் பொகைஞ்சுட்டே இருக்கும். வச்சவன் வீட்டுக்கு வந்து, குளிச்சு, சாப்பிட்டு, ஊர்க்காரங்க கூட உக்காந்திருக்கப்பதான் காடு பிடிக்கும். யாரும் அவனைச் சந்தேகப்பட முடியாது. ரெண்டு எடத்துல அந்தத் தடம் பாத்துட்டேன்.”

எங்க ஊருல அப்படிப்பட்டவங்க யாரும் இல்லீங்கம்மான்னு சொல்லிட்டேன். எங்கூட்டுக்காரரும் லத்தி பொறுக்கிட்டு வருவார்தான். மடியில கட்டிட்டு வருவார். அது எதுக்கு? ஈ கொசுவுக்கு மூட்டம் போட. எல்லா வீட்லயும் போடுவோம். என்ன, எங்க வீட்ல கொண்டு வர்ற அளவுக்கு மூட்டம் போட்டதில்ல. அதை எங்க வெச்சார்னு நான் கேட்டதில்ல. புருசன்கிட்ட அதெல்லாம் கேட்டுட்டு இருக்க முடியுங்களா?

அந்தம்மா வந்ததும் தீக்காவலுக்கு ஆளு எடுத்துச்சு. மாசியில இருந்து கோடை மழை வரைக்கும் மலையில நின்னு பொகையைப் பாக்கற வேலை. இருளர் பதியில இருந்து ரெண்டு மூணு பசங்களோட ஜடையனை எடுத்துச்சு. அவனுக்குத் தெரியாத தடம் இந்த மலையில இல்ல. அப்பறம் ஊருக்குள்ளயும் ஆளு கேட்டுச்சு. ஒருத்தனும் போகல. தீயைக் காக்கப் போனா ஊரு என்ன சொல்லும்? என்ற பையன்தான் போனான்.

சோறு உண்கறப்ப சொன்னான். “அப்பா, நான் பயர் வாச்சரா சேந்துட்டேன்.”

எங்கூட்டுக்காரர் பெசைஞ்ச சோத்தைத் தட்டுலயே விட்டுட்டுக் கையை எடுத்துட்டார். “எதுக்கு?”ன்னார்.

“காடு இருந்தாத்தானப்பா நாளைக்கு ஏதாச்சும் இருக்கும். வருசா வருசம் எரியுது. எரிய எரிய மேல ஒண்ணும் மிஞ்சல. இன்னும் எத்தனை பங்குனிக்கு எரியும்?”

“உனக்கென்ன தெரியும்?”

“தெரியும்ப்பா”ன்னான். அவ்வளவுதான். அப்பனும் மகனும் ஒருத்தர் மூஞ்சியை ஒருத்தர் பாத்துட்டே இருந்தாங்க. “ரசம் ஊத்தட்டுமா”ன்னு கேட்டேன்.

ஆனா அவருக்கு மகன் மேல எத்தனை பாசம்னு அப்பறம்தான் எனக்குத் தெரிஞ்சுது. தெனமும் பொழுதோட, வெளக்கு வெக்கறப்ப கேப்பார். “நாளைக்கு எந்தப் பக்கம்டா?” சில்லிக்கரைன்னு சொல்லுவான். அடுத்த நாளும் கேப்பார். “நாளைக்கு?” சில நாள் அவன் சொல்ல மாட்டான். “எதுக்குப்பா கேக்கறீங்க?”ன்னு திருப்பிக் கேப்பான். “பெத்தவன்டா, கேக்கக் கூடாதா”ன்னு இவர் கத்துவார். அப்பறம் அவனே, “சில்லிக்கரைதான்ப்பா”ம்பான். அவ்வளவு அக்கறைங்க.

அந்த வருசம் பங்குனி பாதி போயும் தீ வரல. குப்பண்ணன் மறுபடி மூஞ்சியைத் திருப்ப ஆரம்பிச்சுட்டார். கான்ட்ராக்டர் ஆளு ஒருத்தன் இந்தப் பெஞ்சுல உக்காந்துட்டு, “என்னங்க செங்கோடண்ணா, இந்த வருசம் மலை குளிர்ந்து போச்சா”ன்னு சிரிச்சான். எங்கூட்டுக்காரர் சிரிக்கல. எந்திரிச்சுப் போயிட்டார்.

அதுக்கு மறுநாளுங்க. வெடியாலயே வெளிய போயிட்டு வந்தார். குளிச்சார். குளிக்கற ஆளே இல்ல, வெந்நி வெச்சுக் குடுன்னு கேட்டுக் குளிச்சார். இட்லி உண்டார். இந்தக் கல்லாப்பெட்டி பக்கத்துல உக்காந்துட்டார். வர்றவங்க போறவங்ககிட்ட எல்லாம் பேசினார். எனக்கே ஆச்சரியம். அவ்வளவு பேசறவர் இல்லீங்க அவர்.

மத்தியானத்துக்குக் கொஞ்சம் முன்னாடி தீக்காவல் பையன் ஒருத்தன் சில்லிக்கரையில இருந்து டீ குடிக்க வந்தான். எங்கூட்டுக்காரர் அவனைப் பாத்து, “கோபாலை அங்க தனியா விட்டுட்டு வந்துட்டியா?”ன்னார்.

“கோபாலண்ணன் அங்க இல்லீங்களே. ஜடையன் கூட நிக்கற ஆளுக்குக் காய்ச்சல். ஜடையன் வந்து கேட்டான், அண்ணன் அவன்கூட எதிர்ச் சரிவு, குதிரைமுதுகுக்குப் போயிட்டாரு.”

அவர் கையில இருந்த கிளாசு கீழ விழுந்து ஒடைஞ்சுது. “எங்க?”ன்னார். அவன் மறுபடி சொல்லறதுக்குள்ள எந்திரிச்சு ஓட ஆரம்பிச்சுட்டாருங்க. செருப்பு போடல. துண்டு வழியில விழுந்துச்சு, எடுக்கல. “கோபாலு… கோபாலு…”ன்னு கத்திட்டே மலைப் பக்கம் ஓடறார். கடையில இருந்தவங்க எல்லாம் வெளிய வந்து பாத்தாங்க. என்னாச்சு, என்னாச்சுன்னு கேக்கறாங்க. எனக்கு என்ன தெரியும்?

பெத்தவங்க மனசுன்னா அதுதானுங்க அம்முணி. புள்ளைக்கு ஒண்ணு ஆகப் போகுதுன்னா முன்கூட்டியே தெரிஞ்சுக்கும். ஏன்னா, அப்ப மலையில ஒரு பொட்டுப் பொகை இல்லீங்க. வானம் பளிச்சுன்னு இருந்துச்சு. அவர் ஓடி, அந்த வளைவு தாண்டி, தண்ணித் தொட்டி தாண்டி, ஆளே மறைஞ்சதுக்கப்பறம்தான் குதிரைமுதுகுல பொகை கெளம்புச்சு. எங்க சனமே சாட்சி, நீங்க யாரை வேணும்னாலும் கேளுங்க. அப்பன் பாசம்னா அப்படி.

என்னங்க? எழுதறீங்களா? அதை எதுக்கு எழுதறீங்க? பாசத்தைப் பத்திச் சொன்னேன். சரி, எழுதிக்கோங்க.

காத்து திரும்பிருச்சு. அதான் விதி. மேல போக வேண்டிய தீ கீழ எறங்குச்சு. வெடிக்கற சத்தம் இங்க வரைக்கும் கேட்டுச்சு. வானம் செவந்து, அப்பறம் கறுத்து, மத்தியானமே பொழுது எறங்கின மாதிரி ஆச்சு. சாம்பல் மழை மாதிரி எறங்குது. என்ற கடை இட்லிப் பானை மேல, கல்லா மேல, தலை மேல.

பொழுதோட ஜடையன் எறங்கி வந்தான். தோள்ல என்ற பையன். நான் மொதல்ல மயக்கம்னுதான் நெனச்சேன். தண்ணி கொண்டாந்தேன். ஜடையன் முதுகுல தோலே இல்ல. இந்த வாசல்ல எறக்கிப் படுக்க வெச்சான். “அக்கா, நான் முன்னாடி போனேன், அவரு பின்னாடி வந்தாரு, மரம் வெடிச்சு விழுந்துருச்சு”ன்னான். அப்பறம் அவனும் விழுந்துட்டான்.

எனக்கு ஒண்ணு மட்டும் புரியல. இவன் மட்டும் எப்படித் தப்பிச்சான்? சொல்லுங்க. தெரிஞ்ச தடம்னா அதே தடத்துல என்ற பையனையும் கூட்டிட்டு வந்திருக்கலாமில்ல? அவனைக் குதிரைமுதுகுக்கு யாரு கூப்பிட்டா? ஜடையன்தான. சில்லிக்கரையிலயே இருந்திருந்தா என்ற பையன் இன்னிக்கு இந்தக் கல்லாவுல உக்காந்திருப்பான். பொணத்தைத் தூக்கிட்டு வந்தான்னு எல்லாரும் பெருமையாச் சொல்றாங்க. குத்தம் பண்ண மனசு, அதான் தூக்கிட்டு வந்திருக்கான்.

எங்கூட்டுக்காரர் மறுநாள்தான் வந்தார். உள்ளங்கால் ரெண்டும் வெந்திருந்துச்சு. அந்தக் காலோடதான் மகனை அடக்கம் பண்ணற எடத்துக்கு வந்தார்.

போலீசு வந்துச்சு. மனுச உசுரு போயிருக்கு, சும்மா விடுவாங்களா? ஊருல எல்லாரும் சொன்னாங்க, கேசு சீக்கிரம் முடியணும், முடிஞ்சாத்தான் எரிஞ்சதை வெட்ட விடுவாங்கன்னு. கான்ட்ராக்டரே என்ற வீட்டுக்கு வந்து ஆறுதல் சொன்னார். “தீயைக் காக்க வந்தவனே தீ வெச்சிருக்கான், தீ இருந்தாத்தான அவனுக்குக் காவல் வேலை”ன்னார். யோசிச்சுப் பாத்தேன். சரியாத்தான் இருந்துச்சு.

கோர்ட்டுல என்னைக் கூண்டுல ஏத்தினாங்க. நான் பொய் சொல்லலீங்க. சர்க்கார் வக்கீல் கேட்டார், “அன்னிக்கு வெடியால மடியில ஆனை லத்தி கட்டிட்டு மலைப் பக்கம் ஆளு போனதைப் பாத்தீங்களா?” பாத்தேன்னு சொன்னேன். பாத்தது சத்தியம். அதுக்கப்பறம் அவரே ஜடையன் பேரைச் சொல்லி, “இவர்தானா?”ன்னார். நான் தலையை ஆட்டினேன். பேரைச் சொன்னது அவர்தான். நான் வாயைத் தொறந்து ஒரு பேரும் சொல்லல. கூண்டுல நின்ன ஜடையன் என்னைக் கோவமாக்கூடப் பாக்கல. எனக்கு அதுதான் எரிச்சல்.

சரி, அவன் உள்ள போயிட்டான். ஊரு பொழைச்சுதா? அதான் இல்ல. மனுசன் செத்த காடு, எரிஞ்ச மரமும் இனிமே அப்படியே நிக்கட்டும், ஒரு குச்சி எடுக்கக் கூடாதுன்னு உத்தரவு போட்டுட்டாங்க. பாருங்க, சன்னல் வழியாத் தெரியுதில்ல. மலை பூரா கறுப்புக் குச்சி குச்சியா. வெட்டக் கூடாது, விழவும் மாட்டேங்குது. காத்தடிச்சா ஒண்ணோட ஒண்ணு ஒரசிட்டு ஒரு சத்தம் வரும். கேக்கவே முடியாதுங்க. ஒவ்வொரு வீடா எறங்கிப் போனாங்க. அறுவை மில்லை எடைக்குப் போட்டாங்க. பேங்கு போச்சு. மாரியாத்தாளுக்கு இப்ப நான்தான் வெளக்கு வெக்கறேன். ஜடையன் ஒருத்தன் பண்ணினதுங்க இத்தனையும்.

ரங்கி இன்னும் அந்தப் பதியிலதான் இருக்கா. சந்தைக்குப் போறப்ப இந்த வழியாத்தான் போவா. ஒரு தடவை நின்னா. ஏதாச்சும் வையப் போறான்னு நெனச்சேன். “அக்கா, உங்க பையனை எங்கூட்டுக்காரரு தனியா விட்டுட்டு வரல”ன்னு சொல்லிட்டுப் போயிட்டா. அதுக்கு என்ன அர்த்தம், சொல்லுங்க. எதுக்கு அதை என்கிட்டச் சொல்லணும்?

எங்கூட்டுக்காரரையா? அவர்கிட்ட நீங்க பேச முடியாதுங்க. மகன் போன துக்கத்துல அவருக்குச் சித்தம் கலங்கிப் போச்சு. கண்டதையும் சொல்லுவார். கேசு நடக்கறப்பவே ஒரு நாள் போலீஸ் ஸ்டேசனுக்கு நடந்தே போய், “நான்தான் வெச்சேன், என்னைப் பிடிச்சுக்கோங்க”ன்னு நின்னிருக்கார். நான் அடுத்த பஸ்சுல போய்க் கூட்டிட்டு வந்தேன். புள்ளையைப் பறிகுடுத்தவர், மனசுல வெச்சுக்காதீங்கன்னு இன்ஸ்பெக்டர் கையைப் பிடிச்சேன். அவரும் நல்ல மனுசன், டீ வாங்கிக் குடுத்து அனுப்பிட்டார்.

ஜெசிந்தாம்மா மட்டும் விடல. வந்து இங்கயே, நீங்க உக்காந்திருக்கற எடத்துல உக்காந்துட்டு, “நாச்சாயம்மா, அன்னிக்கு வெடியால அவரு எங்க இருந்தாரு? மனசைத் தொட்டுச் சொல்லுங்க”ன்னுச்சு. “வீட்ல. மாவாட்டிக் குடுத்துட்டு இருந்தார்”னேன். அந்தம்மா தட்டைக் கழுவி வெச்சுட்டுப் போச்சு. கொஞ்ச நாள்ல மாத்தலாகிப் போயிருச்சு.

இப்பவும் புது ஆளு யாராச்சும் வந்தா சொல்ல ஆரம்பிச்சுருவார். லாரி டிரைவர்கிட்டச் சொல்லியிருக்கார், போஸ்ட்மேன்கிட்டச் சொல்லியிருக்கார். அதனால வெளி ஆளு சத்தம் கேட்டா நான் ரூமு கதவை வெளிய கொண்டி போட்டுருவேன். கொடுமை பண்றேன்னு நெனச்சுக்காதீங்க. அவர் நல்லதுக்குத்தான். பெத்த புள்ளையை நானே கொன்னேன்னு ஒரு மனுசன் நாலு பேர்கிட்டச் சொல்லிட்டுத் திரிஞ்சா, அந்தப் புள்ளை ஆத்மா எப்படிச் சாந்தியடையும்? அவன் பேரையும் கெடுக்கறது, என்ற பேரையும் கெடுக்கறது. யாராச்சும் அப்படிப் பண்ணுவாங்களா? சொந்தப் புள்ளை மலையில நிக்கறப்ப யாராச்சும் தீ வெப்பாங்களா? அவன் சில்லிக்கரையில இருக்கான்னு நெனச்சுட்டுத்தான் அவர்…

இல்லீங்க. நான் என்ன சொல்ல வந்தேன்னா, அவர் அப்படிச் சொல்லிட்டுத் திரியறார்ங்கறேன். நான் சொல்லல. அதை அடிங்க. எழுதினதை அடிங்க அம்முணி.

எங்க எந்திரிக்கறீங்க? ரூமா? அங்க ஒண்ணுமில்லீங்க, தூங்கிட்டிருக்கார். கொண்டியை எடுக்காதீங்க. சரி… எடுத்துப் பாருங்க. தூங்கற ஆளை எழுப்பித்தான் ஆவணும்னா…

காணமே.

இந்தச் சன்னல் கம்பியை எப்பக் கழட்டினார்? ஏனுங்க… ஏனுங்கோ… இந்தக் காலை வெச்சுட்டு எங்க போயிருக்கப் போறார். தண்ணித் தொட்டிப் பக்கமா இருக்கும். நீங்க இருங்க, நான் பாத்துட்டு…

ஐயோ. உங்க ஜீப்புல உக்காந்திருக்காரே.

பாருங்க, முன் சீட்டுல. சட்டைப் பொத்தான் எல்லாம் போட்டிருக்கார். எறங்குங்க. ஏனுங்க, எறங்குங்க சொல்றேன். அது கோர்ட்டுல இருந்து வந்தவங்க வண்டி. அவங்களுக்கு ஆயிரம் வேலை இருக்கும். என்னைப் பாருங்க இந்தப் பக்கம். எறங்க மாட்டீங்களா? அந்த ஜீப்புக் கம்பியை எதுக்கு இப்படிப் பிடிச்சிருக்கீங்க, கை வெளுத்துப் போச்சு. விடுங்க. நான் என்ன சொன்னாலும் கேட்டவர்தானே நீங்க.

என்ன சொல்றார்? எனக்குக் கேக்கல. நீங்க கேட்டீங்களா அம்முணி? “நாச்சா, என்னைப் போக விடு”ன்னா சொன்னார்?

பேசி எத்தனையோ நாளாச்சுங்க என்ற பேரைச் சொல்லி.

டிரைவர் வந்துட்டான் போல. சாவியைப் போட வேண்டாம்னு சொல்லுங்க. ஒரு நிமிசம் இருங்க. ஒரே நிமிசம். அந்தக் கம்பளியை எடுத்துட்டு வந்துர்றேன். கீழ வெயிலு அடிக்கும், தெரியும், ஆனா இவருக்குக் குளிருங்க. ராத்திரிக்கு ரசஞ்சோறு மட்டும் குடுங்க, வேற எதுவும் ஒத்துக்காது. கால்ல தோலு இன்னும் சரியாகல, ரொம்ப நேரம் நிக்க வெக்காதீங்க. விசாரிக்கறவங்ககிட்டச் சொல்லுங்க, உக்கார வெச்சு விசாரிக்கச் சொல்லுங்க.

அவர் சொல்றதை எல்லாம் நம்பிராதீங்க அம்முணி.

இந்தாங்க, கம்பளி.